கத்தரிக்கோலால் இசை செய்த என்ஜினீயர்

வானொலியில் ஒருவர் பேசுவதைப் பதிவு செய்தால், அதை அப்படியே ஒலிபரப்பிவிட மாட்டார்கள். பேசுகிறவர் நடுவில் இருமுவார், தொண்டையைச் செருமுவார், ஒரு சொல்லைத் தப்பாக உச்சரித்துவிட்டு மறுபடி ஆரம்பிப்பார். ஒலி நாடாவிலிருந்து அந்த இடங்களை எல்லாம் வெட்டி எறிந்து, மிச்சத்தை ஒட்டிச் சீராக்கிய பிறகுதான் அது நேயர்களின் காதுக்கு வரும். வெட்டிய துண்டுகள் மேஜைக்கு அடியில் இருக்கும் குப்பைக் கூடைக்குப் போகும். நாடா யுகத்தில் எல்லா நாட்டு வானொலியிலும் இதுதான் நடைமுறை.

போலந்தின் தலைநகரான வார்சாவில், வானொலியில் மாதச் சம்பளத்துக்கு வேலை பார்த்த ஓர் என்ஜினீயர் அந்தக் கழிவுத் துண்டுகளை எடுத்துச் சேர்த்து வைத்தார். ஒருவருடைய இருமல், இன்னொருவருடைய பெருமூச்சு, அறிவிப்பாளரின் தடுமாற்றம், இரண்டு சொற்களுக்கு நடுவில் வரும் மௌனம் — இவற்றை வெட்டி, ஒட்டி, திருப்பிப் போட்டு, வேகத்தைக் கூட்டிக் குறைத்து இசையாக்கினார்.

அவர் பெயர் எவ்கேனியுஷ் ருட்னிக். சினிமாவுக்கும் நாடகத்துக்கும் வானொலிக்கும் ஒலி செய்து கொடுத்தவர். உலகப் புகழ் பெற்ற இசையமைப்பாளர்கள் சிலரின் படைப்புகள் இவருடைய கைவழியாகத்தான் உருவாயின. ஆனால் வெகு காலம் வரை வெளியுலகுக்கு இவர் பெயர் தெரியாது. இசைத்தட்டின் உறையில் இசையமைப்பாளரின் பெயர் பெரிய எழுத்தில் இருக்கும். இவர் பெயர் பொடி எழுத்தில் இருந்தாலே அதிகம்.

ஆற்றங்கரைக் கிராமம்

ருட்னிக் 1932-ல் நாட்கோலே என்ற கிராமத்தில் பிறந்தார். வார்சாவுக்கு வடகிழக்கே, லிவியெட்ஸ் என்னும் ஆற்றை ஒட்டிய ஊர் அது. ஆறு, காடு, பறவைகள், வயல் வேலை — இவைதான் அந்தப் பிள்ளையின் காதில் முதலில் விழுந்த ஒலிகள்.

ஏழு வயதில் யுத்தம் வந்தது. 1939 செப்டம்பரில் ஹிட்லரின் படைகள் போலந்துக்குள் புகுந்தன. நாட்கோலேவுக்குப் பக்கத்து ஊரான வோகூவ் வழியாகத்தான் வார்சாவிலிருந்து மால்கினியா போகும் ரயில் பாதை செல்கிறது. 1942 கோடையில் வார்சாவின் யூதர்களைத் திரெப்ளிங்கா கொலை முகாமுக்கு ஏற்றிச் சென்ற ரயில்கள் அந்தப் பாதையில்தான் ஓடின. அப்படிப்பட்ட மண்ணில் வளர்ந்த தலைமுறை அது.

யுத்தம் முடிந்தபோது வார்சா நகரம் பெரும்பாலும் இடிபாடாகக் கிடந்தது. அதை மறுபடி கட்டி எழுப்ப ஆட்கள் தேவைப்பட்டார்கள். கிராமத்துப் பிள்ளைகள் கூட்டம் கூட்டமாகத் தலைநகருக்கு வந்து தொழில் படித்தார்கள். ருட்னிக்கும் அப்படி வந்தவர்களில் ஒருவர். 1955-ல் போலிஷ் வானொலியில் வேலைக்குச் சேர்ந்தார். படித்தது மின்னணுவியல். இசைக் கல்லூரியின் பக்கம் போனவர் அல்ல. வேலை பார்த்துக்கொண்டே படிப்பையும் தொடர்ந்து, 1967-ல் வார்சா தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றார். அப்போது வயது 35.

ஸ்புட்னிக் பறந்த ஆண்டு

1957 அக்டோபர் 4-ந் தேதி ரஷ்யாவின் ஸ்புட்னிக் விண்ணில் பறந்தது. விண்ணிலிருந்து வந்த ‘பீப், பீப்’ ஒலியை உலகமே ரேடியோவில் கேட்டது. அதற்கு அடுத்த மாதம், நவம்பரில், போலிஷ் வானொலி தன் கட்டடத்துக்குள் ஒரு புதிய பிரிவைத் தொடங்கியது. அதன் பெயர் ‘சோதனை ஸ்டூடியோ’. வாத்தியங்களே இல்லாமல், மின்சாரத்தாலும் ஒலி நாடாவாலும் புதிய ஒலிகளை உண்டாக்குவது அதன் வேலை.

இந்த யோசனையைக் கொண்டு வந்தவர் யூசெப் பத்கோவ்ஸ்கி என்ற இளம் இசை ஆராய்ச்சியாளர். அப்போது அவருக்கு 28 வயது. பாரிஸ், கொலோன், மிலான் ஆகிய நகரங்களின் வானொலி நிலையங்களில் இத்தகைய ஸ்டூடியோக்கள் ஏற்கனவே வந்துவிட்டன. கம்யூனிஸ்டு நாடுகளில் முதலில் வந்தது வார்சாவில்தான்.

இதற்கு அனுமதி கொடுத்தவர் வானொலிக் குழுவின் தலைவரான சொகோர்ஸ்கி. இவர் யார் தெரியுமா? 1949-ல் கலாசாரத் துறையில் அதிகாரத்தில் இருந்தபோது, ‘மக்களுக்குப் புரியாத இசை எழுதக் கூடாது’ என்ற கொள்கையை இசையமைப்பாளர்கள் மீது திணித்தவர் இவரேதான். 1953-ல் ஸ்டாலின் இறந்தார். 1956-ல் போலந்தில் ஆட்சி மாறியது. பிடி சற்றுத் தளர்ந்தது. எட்டு ஆண்டுக்கு முன் புதுமையைத் தடுத்த அதே அதிகாரி, இப்போது புதுமைக்கு அறையும் பணமும் ஒதுக்கிக் கொடுத்தார்! காற்று திரும்பும்போது கோப்பும் திரும்பும் என்பது எந்த நாட்டு ஆபீசுக்கும் பொருந்தும் போலும்.

அரசாங்கத்துக்கும் இதில் லாபம் இருந்தது. சினிமா, வானொலி நாடகம், அப்போதுதான் வளர ஆரம்பித்திருந்த டெலிவிஷன் — மூன்றுக்கும் புது விதமான ஒலிகள் வேண்டியிருந்தன. விண்வெளிக் கப்பல் கிளம்பும் ஒலியை எந்த வாத்தியத்தில் வாசிப்பது? அதைச் செய்து கொடுக்க ஓர் இடம் தேவைப்பட்டது.

1958-ல் ருட்னிக் இந்த ஸ்டூடியோவுக்கு வந்து சேர்ந்தார்.

‘கறுப்பு அறை’

ஸ்டூடியோவுக்கு வாய்த்த அறை சின்னது. 1962-ல் ஓஸ்கார் ஹான்சன் என்ற கட்டடக் கலைஞர் அதை வடிவமைத்துக் கொடுத்தார். கறுப்பு, சிவப்பு, மஞ்சள் என்று வண்ணம் தீட்டிய பலகைகள் சுவர்களில் பொருத்தப்பட்டன. அவற்றைத் திருப்பிக்கொள்ளலாம். ஒரு பக்கம் ஒலியை எதிரொலிக்கும். மறு பக்கம் ஒலியை உறிஞ்சிக்கொள்ளும். வேலைக்குத் தக்கபடி அறையையே மாற்றிக்கொள்ள வசதி இருந்தது. ‘கறுப்பு அறை’ என்றே அதற்குப் பெயர் வந்துவிட்டது.

உள்ளே ஆடம்பரமான யந்திரங்கள் கிடையாது. மின் அலைகளை உண்டாக்கும் சோதனைக் கருவிகள், வேண்டாத சுரங்களை வடிகட்டும் கருவிகள், எதிரொலி உண்டாக்கும் சாதனம், சில டேப் ரிக்கார்டர்கள் — இவ்வளவுதான். வானொலியின் தொழில்நுட்பப் பட்டறைக்கென்று வடிவமைக்கப்பட்ட பொருள்கள் பல. அவற்றை இசைக்குப் பழக்கியவர்கள் என்ஜினீயர்கள்.

இவற்றை எல்லாம் விட முக்கியமான கருவி ஒன்று மேஜை மேல் கிடந்தது. அது கத்தரிக்கோல்.

ஒரு விநாடிக்கு ஒரு முழம்

வெட்டி ஒட்டும் வேலை எப்படி நடக்கும்? வானொலி ஸ்டூடியோவின் டேப் ரிக்கார்டரில் நாடா ஒரு விநாடிக்கு 38 சென்டிமீட்டர் ஓடும். அதாவது ஒரு முழத்துக்குச் சற்றுக் குறைவு. அரை விநாடி இருமல் ஒரு சாண் நாடாவுக்குள் அடங்கிவிடும். கண்ணால் காண முடியாத நேரம், இங்கே கையால் அளந்து பார்க்கும் பொருளாகிவிடுகிறது. தையற்காரர் துணியை அளப்பது போல என்ஜினீயர் நேரத்தை அளக்கிறார்.

நாடாவின் அகலம் கால் அங்குலம். அதைச் சாய்வாக வெட்டி, இன்னொரு துண்டோடு பொருத்திப் பின்பக்கத்தில் ஒட்டு நாடாவைப் போட வேண்டும். நேராக வெட்டினால் ஒட்டுப்போட்ட இடத்தில் ‘டொக்’ என்று சத்தம் வரும். சாய்வாக வெட்டினால் ஓர் ஒலி தேய்ந்து மற்றொன்று எழும். எவ்வளவு சாய்வு என்பது கைப்பழக்கம்.

நாடாவைத் தலைகீழாக ஓட்டினால் மணியோசை தேய்வதற்குப் பதில் வளர்ந்து வந்து சட்டென்று நிற்கும். பாதி வேகத்தில் ஓட்டினால் சுருதி ஒரு ஸ்தாயி கீழே இறங்கும். பெண் குரல் ஆண் குரலாகும். நாடாத் துண்டின் இரு முனைகளையும் ஒட்டி வளையமாக்கினால் ஒரே ஒலி நிற்காமல் திரும்பத் திரும்ப வரும். ஒரு நாடாவில் இருப்பதை இன்னொன்றின் மேல் ஏற்றி, அதை மறுபடி இன்னொன்றின் மேல் ஏற்றினால் அடுக்கடுக்காக ஒலி சேரும்.

1959-ல் கொத்தோன்ஸ்கி என்ற இசையமைப்பாளர் இந்த ஸ்டூடியோவில் ஒரு காரியம் செய்தார். பித்தளைத் தாளத் தட்டை ஒரே ஒரு முறை அடித்துப் பதிவு செய்தார். அந்த ஓர் அடியிலிருந்து, வெட்டியும் வடிகட்டியும் வேகத்தை மாற்றியும் ஒரு முழுப் படைப்பை உண்டாக்கினார். மூன்று நிமிஷத்துக்கும் குறைவான அந்தப் படைப்புதான் போலந்தின் முதல் நாடா இசை என்று சொல்லப்படுகிறது. ஓர் அடிதான்; மீதி எல்லாம் ஸ்டூடியோவின் உழைப்பு.

சினிமா போட்ட சோறு

கச்சேரி மேடைக்கான படைப்புகள் ஸ்டூடியோவுக்குப் புகழ் தந்தன. அன்றாடச் சாப்பாடு போட்டது சினிமாவும் டெலிவிஷனும் வானொலி நாடகமும்தான்.

சினிமா ஒரு விநாடிக்கு 24 பிரேம் ஓடுகிறது. ஒலி நாடா அதே விநாடியில் 38 சென்டிமீட்டர் ஓடுகிறது. ஆக, ஒரு பிரேமுக்கு நாடாவில் ஒன்றரை சென்டிமீட்டருக்குச் சற்று மேல். கதவு 12 பிரேம் நேரத்தில் மூடுகிறது என்றால் அந்த ஒலி 19 சென்டிமீட்டர் இருக்க வேண்டும். கொஞ்சம் கூடினாலும் பார்ப்பவர் கண்ணும் காதும் ஒத்துப்போகாது. இந்தக் கணக்கு தெரிந்தவருக்கே சினிமாவுக்கு ஒலி செய்யும் வேலை கைவரும்.

கார்ட்டூன் படங்களுக்கு இது இன்னும் அவசியம். நிஜ மனிதர் நடந்தால் காலடி ஓசை தானாகப் பதிவாகும். வரைந்த மனிதனுக்குக் காலடி ஓசை கிடையாது. இருமலும் கிடையாது, மூச்சும் கிடையாது. எல்லாவற்றையும் யாராவது செய்து கொடுத்தாக வேண்டும். போலந்தின் குறும்படங்களும் அனிமேஷன் படங்களும் அந்த நாட்களில் உலக விழாக்களில் பரிசு வாங்கிக் குவித்தன. லெனிட்சா, பொரோவ்சிக் இருவரும் சேர்ந்து எடுத்த ‘வீடு’ என்ற படம் 1958-ல் பிரஸ்ஸல்ஸ் நகரில் சோதனைப் படங்களுக்கான போட்டியில் பெரிய பரிசு பெற்றது. அதற்கு இசை கொத்தோன்ஸ்கி. 1960-ல் போலந்தும் கிழக்கு ஜெர்மனியும் கூட்டாக எடுத்த ‘மௌன நட்சத்திரம்’, ஸ்டானிஸ்வாவ் லெம் எழுதிய விண்வெளிக் கதை. வீனஸ் கிரகத்துக்குப் போகும் அந்தப் படத்துக்கு வேண்டிய வினோத ஒலிகள் வார்சா ஸ்டூடியோவில் தயாராயின.

1965-ல் வெளிவந்த ‘சரகோசா கையெழுத்துப் பிரதி’ என்ற புகழ் பெற்ற படத்துக்குப் பெண்டெரெட்ஸ்கி இசையமைத்தார். கதை நடப்பது பழைய ஸ்பெயினில். பழங்காலத்து அரண்மனை இசை ஒரு பக்கம். பேயும் கனவும் வரும் இடங்களில் மின்னொலி ஒரு பக்கம். பார்ப்பவர் எது நிஜம், எது மயக்கம் என்று தெரியாமல் திகைக்க ஒலியும் ஒரு காரணம்.

ருட்னிக் தன் பெயரிலேயே படங்களுக்கு இசை செய்ததும் உண்டு. பின்னாளில் ஆஸ்கார் பரிசு பெற்ற ரிப்சின்ஸ்கி என்ற இயக்குநர் 1974-ல் ‘சூப்’ என்று ஒரு குறும்படம் எடுத்தார். கணவன் மனைவி இருவரின் அன்றாட வாழ்க்கைதான் கதை. காலையில் எழுவது, சாப்பிடுவது, வேலைக்குப் போவது — தினம் தினம் அதே சுற்று. அதற்கு இசை ருட்னிக். வீட்டில் நாம் காதில் வாங்காமல் விட்டுவிடும் ஒலிகளுக்குப் பழகிய காது அவருடையது.

இப்படிச் சினிமாவுக்கும் மேடைக்கும் வானொலிக்குமாக ஆண்டுக்கணக்கில் வேலை நடந்தது. பெரும்பாலானவை தேதி குறித்துக் கொடுக்க வேண்டிய அவசர வேலைகள். அந்த அவசரத்தில்தான் கை பழகியது.

யார் இசையமைப்பாளர்?

கச்சேரிக்கான படைப்பு எப்படி உருவாகும்? இசையமைப்பாளர் ஸ்டூடியோவுக்கு வருவார். கையில் ஒரு நோட்டு இருக்கும். அதில் சில சமயம் சுரக்குறிப்பு இருக்கும். சில சமயம் கோடும் வட்டமும் புள்ளியுமாகப் படங்கள் இருக்கும். ‘இங்கே ஒலி மேகம் போல வர வேண்டும், அங்கே கண்ணாடி உடைவது போல’ என்று விளக்குவார். மேகம் போன்ற ஒலிக்கு எந்தக் கருவியைத் திருப்புவது, எத்தனை நாடாவை அடுக்குவது என்பதெல்லாம் என்ஜினீயரின் பாடு. பியானோவுக்கு எழுதினால் யார் வாசித்தாலும் அதே சுரம் வரும். இங்கே அப்படி அல்ல. என்ஜினீயர் மாறினால் படைப்பே மாறிவிடும்.

இதற்கு ஸ்டூடியோவிலேயே நல்ல உதாரணம் உண்டு. போகுஸ்வாவ் ஷேபர் என்ற இசையமைப்பாளர் 1964-லிருந்து 1966 வரை ‘சிம்பனி’ ஒன்று எழுதினார். அது முழுக்க முழுக்கச் சித்திரக் குறியீடுகளால் ஆனது. எந்தக் குறிக்கு எந்த ஒலி என்பதை என்ஜினீயரின் முடிவுக்கே விட்டுவிட்டார். ருட்னிக்கின் சகாவான போஹ்தான் மாஜுரெக் 1966-ல் அதை ஒலியாக்கினார். அப்படியானால் அந்தச் சிம்பனி யாருடையது? எழுதியவருடையதா, செய்தவருடையதா?

ருட்னிக் தொழிலில் நுழைந்த நாளிலிருந்து இந்தக் கேள்வி அவர் கூடவே வந்தது. பெண்டெரெட்ஸ்கி 1961-ல் ‘சால்மஸ்’ என்ற படைப்பை உருவாக்கினார். மனிதக் குரலின் உயிரெழுத்து, மெய்யெழுத்து ஓசைகளை மட்டும் பதிவு செய்து, அவற்றை உருமாற்றிச் செய்தது அது. பெண்டெரெட்ஸ்கியின் பக்கத்தில் உட்கார்ந்து நாடாவை வெட்டி ஒட்டியவர் ருட்னிக். உலகம் அதைப் பெண்டெரெட்ஸ்கியின் படைப்பு என்றே அறியும். ருட்னிக்கின் உத்தியோகப் பெயர் ‘ஒலி உருவாக்குநர்’.

ஆபீசில் கடிதத்தை எழுதுகிறவர் ஒருவர், கையெழுத்துப் போடுகிறவர் இன்னொருவர். குமாஸ்தா வேலை பார்த்தவர்கள் யாருக்கும் இது புதிதல்ல. ருட்னிக் சண்டை போட்டுக்கொண்டு வெளியேறவில்லை. பெரியவர்களின் வேலையைக் குறைவில்லாமல் செய்து கொடுத்தார். கூடவே தன் வேலையையும் தொடங்கினார்.

ஒசாகாவும் மியூனிக்கும்

ஸ்டூடியோவின் பெயர் எல்லை தாண்டியது. மேற்கு ஐரோப்பியர்களும் வார்சாவுக்கு வந்தார்கள். அவர்களில் முக்கியமானவர் நார்வே நாட்டின் ஆர்னே நூர்ட்ஹெய்ம். 1967 முதல் சில ஆண்டுகள் அவர் அடிக்கடி வந்து, ருட்னிக் முதலான என்ஜினீயர்களோடு வேலை செய்தார். ஐ.நா. சபையின் மனித உரிமைப் பிரகடனத்தைப் படிக்கும் குரல்களைக் கொண்டு ‘பாச்சே’ என்ற படைப்பை 1970-ல் செய்தார். ‘பாச்சே’ என்றால் இத்தாலிய மொழியில் சமாதானம்.

அதே 1970-ல் ஜப்பானின் ஒசாகா நகரில் உலகப் பொருட்காட்சி நடந்தது. அங்கே ஸ்காண்டினேவிய நாடுகளின் அரங்குக்கு நூர்ட்ஹெய்மின் இசை. வெவ்வேறு நீளமுள்ள ஆறு நாடா வளையங்கள் ஒரே நேரத்தில் ஓடிக்கொண்டே இருக்கும். 7 நிமிஷ வளையமும் 11 நிமிஷ வளையமும் சேர்ந்து புறப்பட்டால், இரண்டும் மறுபடி ஒன்றாகத் தொடங்குவது 77-வது நிமிஷத்தில்தான். வளையங்கள் ஆறு என்றால்? ஒரு முறை கேட்ட சேர்க்கை மறுபடி வர 102 ஆண்டுகள் ஆகும் என்று கணக்கு. பொருட்காட்சி நடந்தது ஆறு மாதம். பார்க்க வந்தவர்கள் ஒவ்வொருவரும் கேட்டது வேறு வேறு இசை!

இதற்கு இடையில் 1967-68-ல் ருட்னிக் மேற்கு ஜெர்மனியின் கொலோன் வானொலி ஸ்டூடியோவில் வேலை பார்த்தார். அது மின்னிசைக்குத் தலைநகரம் போன்ற இடம். அங்கே ஸ்டாக்ஹவுசன் கோலோச்சிய காலம் அது. வார்சாவில் கையால் செய்து பழகிய வித்தை அங்கேயும் செல்லுபடியானது. வேலை முடிந்ததும் வார்சாவுக்கே திரும்பினார்.

1972-ல் மியூனிக் ஒலிம்பிக் போட்டிக்குத் தொடக்க விழா இசை செய்யும் பொறுப்பு பெண்டெரெட்ஸ்கிக்கு வந்தது. அதற்கு அவர் வைத்த பெயர் ‘எகெகெய்ரியா’. பழைய கிரேக்கத்தில் ஒலிம்பிக் நடக்கும் நாட்களில் போரை நிறுத்தி வைப்பார்கள். அந்தப் போர் நிறுத்தத்துக்கு இந்தப் பெயர். நாடாவை வார்சாவில் உருவாக்கியவர் ருட்னிக். ஓர் அறையில் உட்கார்ந்து வெட்டி ஒட்டிய நாடா, ஆகஸ்டு 26-ந் தேதி ஒரு பெரிய விளையாட்டு மைதானத்தின் ஒலிபெருக்கிகளில் முழங்கியது. உலகமே டெலிவிஷனில் பார்த்துக்கொண்டிருந்தது. பத்து நாள் கழித்து, செப்டம்பர் 5-ந் தேதி, அதே ஒலிம்பிக் கிராமத்தில் இஸ்ரேல் குழுவினர் மீது தாக்குதல் நடந்தது. அந்த நாட்டு விளையாட்டு வீரர்களும் பயிற்சியாளர்களும் நடுவர்களுமாக 11 பேர் உயிரிழந்தார்கள். போர் நிறுத்தம் என்று பெயர் வைத்த இசையை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது.

குப்பைக் கூடையின் செல்வம்

1965-ல், ஸ்டூடியோவுக்கு வந்து ஏழு ஆண்டு கழித்து, ருட்னிக் தன் பெயரிலேயே படைப்புகளை வெளியிட ஆரம்பித்தார். ‘கொலாஜ்’, ‘பாடம்’ இரண்டும் அந்த ஆண்டு வந்தவை. 1967-ல் ‘டிக்ஸி’ வந்தது. லத்தீன் மொழியில் ‘டிக்ஸி’ என்றால் ‘நான் பேசி முடித்தேன்’ என்று பொருள். மற்றவர்களின் பேச்சை வெட்டிச் சீர் செய்வதையே தொழிலாகக் கொண்டவர், வாய் திறந்து தானே பேசியதற்கு இப்படி ஒரு பெயர்!

மற்ற இசையமைப்பாளர்கள் கருவிகளில் தூய்மையான மின்னொலிகளைத் தேடிக்கொண்டிருந்தார்கள். ருட்னிக் தேடியது எதிர்த் திசையில். அவருக்கு அழுக்கான ஒலி பிடித்தது. அறிவிப்பாளரின் தடுமாற்றத்திலும் கிழவரின் இருமலிலும் அந்த மனிதரின் உயிர் இருக்கிறது. சீர் செய்த பேச்சில் அது இல்லை. வானொலி ஒரு மனிதரிடமிருந்து வெட்டி எறிவது எதை? அவர் தயங்கிய இடத்தை, பயந்த இடத்தை, மூச்சு வாங்கிய இடத்தை. எல்லாப் பேச்சும் முன்கூட்டியே தணிக்கை ஆகி வந்த ஒரு நாட்டில் இதற்குத் தனி அர்த்தம் உண்டு. எழுதிக் கொடுத்த வாசகத்தைப் படிக்கும்போது பொய் சொல்லலாம். இருமலில் பொய் சொல்ல முடியாது.

ருட்னிக் அரசியல் கோஷம் எதையும் எழுப்பியவர் அல்ல. ஆனால் கூடையில் விழுந்ததைப் பத்திரப்படுத்தினார். வேறு யாருக்கும் வேண்டாத அந்தத் துண்டுகளில் ஒரு காலத்துப் போலந்தின் குரல்கள் மிஞ்சின.

பெயர் வந்தது

காலம் மாறியது. கம்ப்யூட்டர் வந்தது, நாடாவை வெட்டி ஒட்டும் வேலையைத் திரையில் பார்த்து விரலால் செய்ய முடிந்தது. பத்கோவ்ஸ்கி 1985-ல் பொறுப்பிலிருந்து விலகினார். 1989-ல் கம்யூனிஸ்டு ஆட்சி முடிவுக்கு வந்தது. தாராளமாகச் செலவு செய்ய வானொலியிடம் பணமும் இல்லை. 2004-ல் சோதனை ஸ்டூடியோவை மூடிவிட்டார்கள். ஏறக்குறைய அரை நூற்றாண்டு உழைப்பு நாடாச் சுருள்களாக அலமாரிகளில் தங்கியது.

மூடிய பிறகுதான் தேடி வந்தார்கள். நாடாவைக் கண்ணால் பார்த்திராத இளைய தலைமுறை அந்தச் சுருள்களைக் கேட்டு வியந்தது. பழைய பதிவுகள் புதிய இசைத்தட்டுகளாக வெளிவந்தன. இந்த முறை உறைகளில் இசையமைப்பாளர்களின் பெயர்களோடு ருட்னிக், மாஜுரெக் என்ற பெயர்களும் பளிச்சென்று இருந்தன. ‘இவர்கள் உதவியாளர்கள் அல்ல, படைப்பாளிகள்’ என்று ஆராய்ச்சியாளர்கள் எழுதினார்கள்.

2014-ல் சுசன்னா சொலாகியெவிச் என்ற இளம் இயக்குநர் ருட்னிக்கைப் பற்றி ‘உலகின் 15 திசைகள்’ என்ற முழுநீள ஆவணப்படம் எடுத்தார். லொகார்னோ திரைப்பட விழாவில் விமர்சகர் வாரப் பரிசு அதற்குக் கிடைத்தது. வாழ்நாளெல்லாம் மற்றவர் படங்களுக்கு ஒலி செய்து கொடுத்தவரை, 82 வயதில் ஒரு படம் திரைக்கு அழைத்து வந்தது. நாடாவை உயர்த்திப் பிடித்து அளந்து வெட்டும் அந்தக் கைகளை அந்தப் படத்தில் பார்க்கலாம்.

இரண்டு ஆண்டு கழித்து, 2016 அக்டோபரில், அவர் வார்சாவில் காலமானார்.

பட்டியலில் ஒரு பெயர்

மேடைக் கச்சேரியில் யார் யார், என்னென்ன வாத்தியம் என்று நிகழ்ச்சி நிரலில் அச்சிடுவது வழக்கம். 1992-ல் ருட்னிக் ‘பறவைகளும் மனிதர்களும்’ என்று ஒரு படைப்பு செய்தார். அதன் நீண்ட தலைப்பில் அவரே ஒரு பட்டியல் கொடுத்திருக்கிறார். நான்கு கலைஞர்கள், இரண்டு வயலின்கள், இரண்டு நைட்டிங்கேல் பறவைகள், கத்தரிக்கோல், மண்பாண்டம் செய்யும் ஒரு கிராமத்துப் பெண் — இவர்கள்தான் வாசிப்பவர்கள்.

நாட்கோலே ஆற்றங்கரையில் பிறந்தவருக்குப் பறவையும் குயவப் பெண்ணும் புதியவர்கள் அல்ல. வயலினுக்கு எப்போதும் மேடையில் இடம் உண்டு. அவற்றின் நடுவில், முப்பது ஆண்டுக்கு மேல் மேஜை மேல் கிடந்து மற்றவர்களின் இசையை எல்லாம் வெட்டி ஒட்டிய கத்தரிக்கோலும் ஒரு வாத்தியமாகப் பட்டியலில் இடம் பிடித்தது. அதற்கு அந்த இடத்தை வாங்கிக் கொடுத்தவர், அதைப் பிடித்திருந்த கைக்குச் சொந்தக்காரர்.